பார்க்கிங்கை விட்டு நகராத பேராசிரியர்: டொனால்ட் ஷூப்பின் கல்விப்பணி பற்றி ஒரு நிகழ்வு ஆய்வு

நகரத் திட்டமிடல் படிக்கிறவர்களிடம் எதில் ஆராய்ச்சி செய்யப் போகிறீர்கள் என்று கேட்டுப் பாருங்கள். வீட்டுவசதி, பருவநிலை, மெட்ரோ ரயில், நகர வறுமை என்று பதில் வரும். பார்க்கிங் என்று யாரும் சொல்ல மாட்டார்கள். 1970களில், யேல் பல்கலைக்கழகத்தில் பொருளாதாரத்தில் முனைவர் பட்டம் வாங்கிய ஒருவர் அதைத்தான் எடுத்தார். எடுத்தவர் அடுத்த நாற்பது ஆண்டுகளுக்கும் மேலாக அதை விடவே இல்லை. இன்றைக்கு அமெரிக்காவில் ஊர் ஊராக, ஒவ்வொரு கட்டடமும் இத்தனை பார்க்கிங் இடம் வைத்தே ஆக வேண்டும் என்று கேட்கும் கட்டாயப் பார்க்கிங் விதிகளை எடுத்துப்போடுகிறார்கள் என்றால் அதற்குப் பின்னால் அவருடைய வேலை இருக்கிறது. ஒரு பேராசிரியரின் ஆய்வு நூலகத்தைத் தாண்டிச் சட்டப் புத்தகத்துக்குள் போக எவ்வளவு காலம் ஆகிறது, எது அதைக் கொண்டுபோகிறது என்று தெரிந்துகொள்ள இதைவிடத் தெளிவான ஒரு வாழ்க்கையை நான் பார்த்ததில்லை. அதனால்தான் கொஞ்சம் விரிவாக எழுதுகிறேன்.

டொனால்ட் ஷூப் 1938 ஆகஸ்டில் கலிபோர்னியாவின் லாங் பீச்சில் பிறந்தவர். யேலில் மின் பொறியியல் படித்தார், அங்கேயே பொருளாதாரமும் படித்தார், 1968-ல் முனைவர் பட்டம் பெற்றார். 1970 முதல் 1974 வரை மிச்சிகன் பல்கலைக்கழகத்தில் ஆசிரியர். 1974-ல் லாஸ் ஏஞ்சலஸில் உள்ள கலிபோர்னியா பல்கலைக்கழகத்தின், அதாவது யுசிஎல்ஏவின், நகரத் திட்டமிடல் துறைக்கு வந்தார். 2015-ல் ஓய்வு பெறும்வரை அங்கேதான் இருந்தார். நடுவில் 1996 முதல் 2001 வரை போக்குவரத்து ஆய்வு நிறுவனத்தின் இயக்குநர், 1999 முதல் 2003 வரை துறைத் தலைவர். பதவிகளைச் சொல்ல இவ்வளவு போதும், கதை அங்கே இல்லை.

அவருடைய ஆரம்பகால ஆய்வு பார்க்கிங்கைப் பற்றியதே அல்ல, நிலத்தைப் பற்றியது. ஒரு காலி மனையில் எப்போது கட்டடம் எழுப்புவது சரியாக இருக்கும், உரிமையாளர் எதுவரை காத்திருந்தால் லாபம் என்ற கேள்வியை வைத்து 1970-ல் ஒரு கட்டுரை வெளியிட்டார். ஷூப்பைப் பற்றி எழுதுகிறவர்கள் இதை ஒரு வரியில் சொல்லிவிட்டுப் போய்விடுகிறார்கள். எனக்கோ இதுதான் அடிப்படையாகப் படுகிறது. நிலத்துக்கு ஒரு வாடகை மதிப்பு உண்டு, அது உரிமையாளரின் உழைப்பால் மட்டும் வருவதில்லை, சுற்றியிருக்கிற ஊரால் வருகிறது என்று யோசித்துப் பழகிய ஒருவர் தெருவோரத்தில் நிற்கிற காரைப் பார்த்தால் அவர் கண்ணுக்குக் கார் தெரியாது, அதன் அடியில் இருக்கும் நிலம் தெரியும். ஊரிலேயே விலை உயர்ந்த இடத்தில், ஊருக்குப் பொதுவான ஒரு துண்டு நிலம், யாரோ ஒருவர் மணிக்கணக்கில் இலவசமாக வைத்திருக்கிறார். இந்த வாடகையை ஊர் ஏன் வாங்கவில்லை? அமெரிக்கப் பொருளாதாரச் சிந்தனையாளர் ஹென்றி ஜார்ஜ் 19-ஆம் நூற்றாண்டில் நில வரியைப் பற்றி எழுப்பிய கேள்வியின் தொடர்ச்சி இது. 2004-ல் ஷூப் எழுதிய ஒரு கட்டுரையில் உள்ளூர் அரசுக்கு ஏற்ற வருமானம் எது என்று கேட்டு, தெருவோர பார்க்கிங் வாடகையையே பதிலாக வைத்தார். முப்பது ஆண்டுகளுக்குப் பிறகும் அதே நிலப் பொருளாதாரம்தான்.

பார்க்கிங்குக்குள் அவரை இழுத்தது ஒரு சின்ன ஒப்பீடு. லாஸ் ஏஞ்சலஸ் நகர மையத்தில் அரசு அலுவலகங்கள் அருகருகே இருந்தன. மாவட்ட அரசின் ஊழியர்களுக்கு பார்க்கிங் இலவசம், மத்திய அரசின் ஊழியர்கள் காசு கொடுக்க வேண்டும். இலவசம் கிடைத்தவர்களில் 72 சதவீதம் பேர் தனியாகக் கார் ஓட்டி வந்தார்கள். காசு கொடுத்தவர்களில் 40 சதவீதம். ஒரே இடம், ஏறக்குறைய ஒரே மாதிரி வேலை, அதே சாலைகள், அதே பேருந்துகள். 1969-ல் மாணவர்கள் இருவர் செய்த வேலை அது, யாரும் கண்டுகொள்ளவில்லை. பெட்ரோல் விலை, பேருந்துக் கட்டணம், புதிய நெடுஞ்சாலை என்று போக்குவரத்து ஆய்வாளர்கள் எதையெல்லாமோ அளந்துகொண்டிருந்தபோது, பயணம் முடிகிற இடத்தில் கார் நிற்க என்ன விலை என்பதைக் கணக்கிலேயே எடுக்கவில்லை. ஷூப் எடுத்தார். டான் பிக்ரெல் என்பவரோடு சேர்ந்து 1978-ல் கட்டாயப் பார்க்கிங் விதிகளின் சிக்கல்கள் பற்றி ஒரு கட்டுரை, 1980-ல் இலவசப் பார்க்கிங்கே ஒரு போக்குவரத்துப் பிரச்சினை என்று வாதிடும் ஓர் அறிக்கை.

இதை எடுத்ததால் கிடைத்த மதிப்பு என்ன? ஒன்றும் இல்லை. கல்வித்துறையில் ஒரு ஏணி இருக்கிறது என்று அவரே பல பேட்டிகளில் விளக்கியிருக்கிறார். உலக விவகாரமும் தேசிய விவகாரமும் படிக்கிறவர்கள் மேலே, மாநில அரசைப் படிக்கிறவர்கள் அதற்குக் கீழே, உள்ளூர் அரசு இன்னும் கீழே, அந்த உள்ளூர் விஷயங்களிலும் அடிமட்டம் பார்க்கிங். ஆனால் அடிமட்டத்தில் நிறைய தீனி கிடக்கிறது என்பார். நான் இதை வெறும் நகைச்சுவையாக எடுத்துக்கொள்ளவில்லை. போட்டி இல்லாத துறையில் ஒருவர் அவசரப்பட வேண்டியதில்லை. வேறு யாராவது முந்திவிடுவார்களோ என்ற பயம் இல்லாமல் ஒரே கேள்வியைப் பத்துக் கோணத்தில் கேட்கலாம், தரவு சேர்க்க மூன்று ஆண்டு எடுத்துக்கொள்ளலாம். ஆனால் இதற்கு ஒரு முன்நிபந்தனை உண்டு, அதை மறைத்தால் இந்த ஆய்வு பொய்யாகிவிடும்: நிரந்தர வேலை. ஆண்டுக்கு ஆண்டு ஒப்பந்தத்தில் இருக்கும் ஓர் இளம் ஆய்வாளரிடம் போய் ஷூப் மாதிரி பொறுமையாக இரு என்று சொல்வது நியாயமில்லை.

சரி, அவர் எப்படி ஆய்வு செய்தார் என்று பார்ப்போம். யுசிஎல்ஏ வளாகத்தை ஒட்டி வெஸ்ட்வுட் வில்லேஜ் என்று ஒரு கடைத்தெருப் பகுதி. பதினைந்து பிளாக், தெருவோரத்தில் பார்க்கிங் கட்டண மீட்டர் வைத்த 470 இடங்கள். தெருவில் நிறுத்த மணிக்கு 50 சென்ட், தனியார் பார்க்கிங் கட்டடங்களில் அதைப்போல இரண்டு மடங்காவது ஆகும். ஆகவே எல்லோரும் தெருவில் இடம் கிடைக்குமா என்று சுற்றுவார்கள். இந்தச் சுற்றலை அளக்க ஷூப்பும் மாணவர்களும் பெரும்பாலும் சைக்கிளில் ஏறி அதே மாதிரி இடம் தேடிச் சுற்றினார்கள், நேரத்தையும் தூரத்தையும் குறித்துக்கொண்டார்கள். ஓர் இடம் கிடைக்க சராசரியாக 3.3 நிமிடம், தூரம் அரை மைல். கேட்டால் இதற்கா இவ்வளவு என்று தோன்றும். ஆனால் ஒவ்வோர் இடத்திலும் ஒரு நாளைக்குப் பதினேழு கார்கள் மாறி மாறி நிற்கின்றன, இடங்கள் 470. பெருக்கிப் பார்த்தால் அந்தச் சின்னப் பகுதிக்குள் இடம் தேடுவதற்காக மட்டும் ஆண்டுக்கு ஏறக்குறைய 9.5 லட்சம் மைல் கார் ஓடுகிறது, 47,000 காலன் பெட்ரோல் எரிகிறது, 730 டன் கரியமில வாயு வெளியாகிறது. பெரிய ஆய்வு நிதியோ கணினி மாதிரியோ இல்லாமல் இந்த எண் கிடைத்தது. சைக்கிளும் கைக்கடிகாரமும், பெருக்கல் தெரிந்த மாணவர்களும் போதுமாக இருந்தது. யுசிஎல்ஏவுக்குச் சைக்கிளில் போய் வந்த பேராசிரியருக்கு இந்த முறை தோன்றியதில் ஆச்சரியமும் இல்லை.

சட்டத்தோடு அவருடைய முதல் பெரிய சந்திப்பு 1992-ல் நடந்தது. ஊழியர்களுக்கு இலவசப் பார்க்கிங் கொடுக்கிற முதலாளி, வேண்டாம் என்கிற ஊழியருக்கு அதே மதிப்பைப் பணமாகக் கொடுக்க வேண்டும் என்பது ஷூப்பின் யோசனை. கலிபோர்னியா அதைச் சட்டமாக்கியது. 50 பேரோ அதற்கு மேலோ வேலை செய்கிற, பார்க்கிங் இடத்தை வாடகைக்கு எடுத்திருக்கிற நிறுவனங்களுக்குத்தான் அது பொருந்தும், எல்லோருக்கும் அல்ல. இதன் அழகைக் கவனியுங்கள். இலவசத்தைப் பிடுங்கினால் ஊழியர் சங்கம் முதல் மேலாளர் வரை எல்லோரும் எதிர்ப்பார்கள். இங்கே யாரிடமிருந்தும் எதுவும் பறிக்கவில்லை. காரில் வருகிறவர் அப்படியே வரலாம், பேருந்தில் வருகிறவருக்கு இதுவரை கிடைக்காத பணம் கிடைக்கும். இலவசம் என்பது உண்மையில் காருக்கு மட்டும் கொடுக்கிற சம்பள உயர்வு என்பதை ஒரே அடியில் வெளியே கொண்டுவந்தார்.

யோசனை சொல்லிவிட்டு அவர் ஓய்ந்துவிடவில்லை, திரும்பிப்போய் அளந்தார். என் மதிப்பீட்டில் அவருடைய கல்விப்பணியின் சிறந்த பகுதி இதுதான். சட்டத்தைக் கடைப்பிடித்த 8 நிறுவனங்கள், 1,694 ஊழியர்கள், 1997-ல் வந்த முடிவு: தனியாகக் கார் ஓட்டி வருபவர்களின் பங்கு 76 சதவீதத்திலிருந்து 63 சதவீதமாக இறங்கியது. காரைப் பகிர்ந்து வருபவர்கள் 64 சதவீதம் கூடினார்கள், பொதுப் போக்குவரத்தில் வருபவர்கள் 50 சதவீதம், நடந்தோ சைக்கிளிலோ வருபவர்கள் 39 சதவீதம். வேலைக்கு வந்து போக ஓடிய மொத்தக் கார் மைல் 12 சதவீதம் குறைந்தது. ஒரு கொள்கையைப் பரிந்துரைத்தவரே அதை அளக்கலாமா என்று ஒருவர் கேட்கலாம், கேட்க வேண்டிய கேள்விதான். ஆனால் அவர் எண்களை நிறுவனம் நிறுவனமாகப் பிரித்து வெளியிட்டார், யாரும் எடுத்துச் சரிபார்க்கலாம்.

அவரை உண்மையில் கோபப்படுத்தியது வேறு ஒன்று. ஒரு கடை கட்டினால் இத்தனை சதுர அடிக்கு இத்தனை பார்க்கிங், ஒரு வீட்டுக்கு இத்தனை என்று அமெரிக்க நகரங்கள் கட்டாயமாக்கி வைத்திருக்கும் விதி. 1923-ல் ஓஹையோவின் கொலம்பஸ் நகரம் அடுக்குமாடி வீடுகளுக்கு இதை முதலில் கொண்டுவந்தது, பிறகு நாடு முழுக்கப் பரவியது. இந்த எண்கள் எங்கிருந்து வருகின்றன என்று ஷூப் தேடிப் போனார். போக்குவரத்துப் பொறியாளர்களின் அமைப்பு 1987-ல் வெளியிட்ட ஒரு கையேடு, ஒரு துரித உணவகத்துக்கு ஆயிரம் சதுர அடிக்கு 9.95 இடம் வேண்டும் என்று சொல்கிறது. 9.95! இரண்டு தசமப் புள்ளிவரை. ஆனால் அதன் அடியில் இருந்த தரவு 18 உணவகங்கள். கட்டடத்தின் அளவுக்கும் பார்க்கிங் தேவைக்கும் உள்ள தொடர்பைச் சொல்லும் ஆர்-ஸ்கொயர் மதிப்பு 0.038. புள்ளியியல் தெரியாதவர்களுக்கு: அது கிட்டத்தட்ட பூஜ்யம், தொடர்பே இல்லை என்று அர்த்தம். போதாததற்கு அந்த அளவீடுகள் பெரும்பாலும் புறநகரில், பார்க்கிங் இலவசமாக இருக்கும் இடங்களில், உச்ச நேரத்தில் எடுத்தவை. இலவசமாக இருக்கும்போது எவ்வளவு பேர் வருகிறார்கள் என்று எண்ணி, அவ்வளவு இடத்தைச் சட்டமாக்கி, அதனால் எங்கும் இலவசமாகி, மறுபடி அதையே எண்ணுகிறார்கள். திட்டமிடல் துறை தன்னை ஓர் அறிவியல் என்று நினைத்துக்கொண்டிருந்தது, அதன் நடுவில் இப்படி ஒரு பொத்தல். இதை வெளியிலிருந்து ஒரு பொருளாதார நிபுணர் சொல்லியிருந்தால் துறை காதில் வாங்கியிருக்காது. துறைக்குள்ளேயே மாணவர்களுக்குப் பாடம் நடத்திக்கொண்டு அவர் சொன்னார்.

இந்த விதிக்கு விலை என்ன என்பதற்கு அவர் அடிக்கடி எடுத்துக்காட்டியது ஓக்லந்து நகரம். 1961-ல் அங்கே வீடு ஒன்றுக்கு ஒரு பார்க்கிங் என்று கட்டாயமாக்கினார்கள். அதற்குப் பிறகு ஒரு வீட்டுக்கான கட்டுமானச் செலவு 18 சதவீதம் ஏறியது, ஓர் ஏக்கரில் எழும்பும் வீடுகள் 30 சதவீதம் குறைந்தன, நிலத்தின் மதிப்பு 33 சதவீதம் சரிந்தது. கார் இல்லாதவரும் அந்த 18 சதவீதத்தை வாடகையில் கட்டுகிறார். பார்க்கிங்குக்குக் காசு வாங்கினால் ஏழைகளுக்குப் பாதிப்பு என்று யார் சொன்னாலும் அவருடைய பதில் இதுதான்: கார் இல்லாத ஏழை இப்போதே வாடகையிலும் மளிகைச் சாமான் விலையிலும் அடுத்தவர் காருக்கு இடம் வாங்கிக் கொடுத்துக்கொண்டிருக்கிறார். வலுவான பதில். ஆனாலும், காரை விட்டால் வேலைக்குப் போக வேறு வழியே இல்லாத, குறைந்த சம்பளக்காரரை இது முழுக்கத் திருப்திப்படுத்தாது என்றே நினைக்கிறேன்.

2005-ல் எல்லாம் ஒரே புத்தகமாக வந்தது, ‘தி ஹை காஸ்ட் ஆஃப் ஃப்ரீ பார்க்கிங்’, 700 பக்கத்துக்கு மேல். அப்போது அவருக்கு 66 வயது. முதல் பார்க்கிங் கட்டுரைக்கும் இதற்கும் இடையே 27 ஆண்டு. புத்தகம் கேட்பது மூன்றே விஷயம்: கட்டாயப் பார்க்கிங் விதியை நீக்குங்கள், தெருவோர இடத்துக்குச் சரியான விலை வையுங்கள், அதாவது எந்த நேரத்திலும் ஒரு பிளாக்கில் ஒன்றிரண்டு இடம் காலியாக இருக்கிற மாதிரி, சுமார் 85 சதவீதம் நிறைந்திருக்கிற மாதிரி, வருகிற பணத்தை அதே தெருவுக்குச் செலவு செய்யுங்கள். மூன்றாவதுதான் அரசியல். பசடேனா நகரத்தின் பழைய கடைத்தெருவில் 1993-ல் மீட்டர் வைக்க முயன்றபோது வாடிக்கையாளர்கள் ஓடிவிடுவார்கள் என்று கடைக்காரர்கள் மல்லுக்கு நின்றார்கள். மீட்டர் காசு இந்தத் தெருவுக்கே திரும்ப வரும் என்று உறுதி கொடுத்ததும் எதிர்ப்பு அடங்கியது, இரவிலும் ஞாயிற்றுக்கிழமையிலும்கூட வசூலிக்கச் சம்மதித்தார்கள். அந்தப் பணத்தில் நடைபாதை, விளக்கு, மரம், சுத்தம் செய்த சந்துகள். இது ஷூப் கண்டுபிடித்தது அல்ல. நடந்ததைப் பார்த்து, ஏன் நடந்தது என்று விளக்கி, மற்ற ஊர்களுக்கு எடுத்துச் சொன்னார். எங்கோ ஓரிடத்தில் ஏற்கெனவே வேலை செய்கிற ஒன்றைக் கண்டெடுத்து அதற்குக் காரணம் சொல்வதும் ஆராய்ச்சிதான்.

புத்தகம் வந்த 2005-லேயே ரெட்வுட் சிட்டி விலையை மாற்றியமைத்தது. 2011-ல் சான் பிரான்சிஸ்கோ மீட்டர் வைத்த சுமார் 7,000 பார்க்கிங் இடங்களில், பிளாக் வாரியாக, நேரம் வாரியாக, சில வாரங்களுக்கு ஒருமுறை விலையை ஏற்றி இறக்கிப் பார்த்தது. நெரிசலான இடத்தில் விலை ஏறியது, காலியான இடத்தில் இறங்கியது, முதல் ஆண்டு முடிவில் சராசரி விலை சற்றே குறைந்துதான் இருந்தது. கட்டணத்தை ஏற்றத்தான் இந்தத் தந்திரம் என்று சந்தேகப்பட்டவர்களுக்கு இது பதில். 2017-ல் பஃபலோ நகரம் முழுவதுமாகக் கட்டாய விதியை எடுத்தது, அதே ஆண்டு மெக்சிகோ சிட்டியும் குறைந்தபட்ச விதியை விட்டு அதிகபட்ச வரம்புக்கு மாறியது. பிறகு மினியாபொலிஸ், சான் ஹொசே, ஆஸ்டின். 2022-ல் கலிபோர்னியா, முக்கியப் பொதுப் போக்குவரத்து நிலையத்திலிருந்து அரை மைலுக்குள் கட்டாய பார்க்கிங் கேட்கக்கூடாது என்று சட்டம் போட்டது. 1992-ல் இருந்து எண்ணினால் முப்பது ஆண்டு.

மாணவர்களைச் சொல்லாமல் இந்த ஆய்வு முடியாது. பஃபலோவில் விதி நீங்கிய பிறகு என்ன நடந்தது என்று அளந்தவர்களில் ஒருவர், அந்த ஊர்ப் பல்கலைக்கழகத்தில் பேராசிரியராக இருக்கும் டேனியல் ஹெஸ், ஷூப்பிடம் படித்தவர். முதல் இரண்டு ஆண்டில் வந்த பெரிய கட்டுமானங்களில் 47 சதவீதம் பழைய விதி கேட்டதைவிடக் குறைவான இடத்தோடு எழும்பின. மீதி அதே அளவோ அதிகமாகவோ வைத்தன, ஆக விதி போனால் பார்க்கிங்கே இருக்காது என்ற பயமும் பொய்த்தது. ஆசிரியர் சொன்னதை மாணவர் போய் அளப்பது, அதுவும் ஆசிரியர் உயிரோடு இருக்கும்போதே. மாணவர்களின் பெயரைப் போட்டு அவர்களோடு சேர்ந்து எழுதுவதை ஷூப் கடைசிவரை வழக்கமாக வைத்திருந்தார். யுசிஎல்ஏ உள்ளிட்ட வளாகங்களின் போக்குவரத்து ஆய்வுகளைப் பொதுவாசகருக்குப் புரியும்படி வெளியிட்ட ‘ஆக்சஸ்’ என்ற இதழையும் ஆசிரியராக இருந்து நடத்தினார். பத்து ஆய்வாளர்கள் மட்டும் படிக்கிற மொழியில் எழுதினால் நகராட்சி உறுப்பினர் எப்படிப் படிப்பார்?

ஒரு குறையும் சொல்ல வேண்டும். நகரப் போக்குவரத்தில் 30 சதவீதம் பார்க்கிங் தேடிச் சுற்றும் கார்கள் என்று உலகம் முழுக்க மேற்கோள் காட்டுகிறார்கள். அது ஷூப் தொகுத்த எண். 1927 முதல் 2001 வரை வெவ்வேறு நகரங்களில் நடந்த 16 ஆய்வுகளைச் சேர்த்து, சராசரி பங்கு 30 சதவீதம், தேடும் நேரம் 8.1 நிமிடம் என்றார். ஆனால் சுற்றுகிறார்கள் என்று சந்தேகம் வந்த இடத்தில்தானே ஆய்வாளர்கள் போய் அளப்பார்கள். எல்லா ஊருக்கும் எல்லா நேரத்துக்கும் இது பொருந்தாது என்று அவரே எச்சரித்திருந்தார், எச்சரிக்கை பின்தங்கிவிட்டது, எண் மட்டும் ஓடிக்கொண்டே இருந்தது. மேடைகளிலும் விளம்பரங்களிலும் அது மாறாத உண்மை மாதிரி ஆகிவிட்டது. அவருடைய வாதத்துக்கு அந்த எண் உதவியது என்பதையும் மறுக்க முடியாது.

2018-ல், எண்பதைத் தொடப்போகும் வயதில், ராபர்ட் ஹாம்ப்ஷயர் என்ற ஆய்வாளரோடு சேர்ந்து அந்தக் கேள்வியை மறுபடி எடுத்தார். இந்த முறை வழி இன்னும் எளிது: தெருவோரத்தில் ஓர் இடம் காலியானதும் நின்று பாருங்கள், எத்தனை கார் கடந்துபோன பிறகு ஒன்று அங்கே நுழைகிறது என்று எண்ணுங்கள். முதல் காரே நுழைந்தால் தெருவில் எல்லோரும் இடம் தேடுகிறார்கள், பல கார்கள் கண்டுகொள்ளாமல் போனால் தேடுகிறவர்கள் குறைவு. ஜெர்மனியின் ஸ்டுட்கார்ட் நகரத்தின் தரவை இப்படிக் கணக்கிட்டபோது வந்தது 15 சதவீதம், அவர் பெயரோடு ஒட்டிக்கொண்டிருந்த எண்ணில் பாதி. அந்தக் கட்டுரையும் அவர் பெயரிலேயே வந்தது. 2025 பிப்ரவரி 6 அன்று, 86 வயதில், அவர் இறந்தார்.